பன்னிரண்டு கிடா

"ஆட்டுக்கும் சொர்க்கம் உண்டு" என்று கறிக்கடை சேகனா சொன்னது ஊருக்கு மார்க்கத் தீர்ப்பு சொல்லும் காஜியார் காதுக்கு எட்டிவிட்டது. ஜும்ஆ தொழுகை முடிந்ததும் ஊருக்கு முன்னால் அவனை நிறுத்தினார்.

"இவன் காபிர், மார்க்கத்தை மறுத்தவன்! இன்னைக்கே ஊரைவிட்டுப் போகட்டும்!"

"எப்பலேர்ந்து காபிர், ஹஜ்ரத்?" என்றான் சேகனா பணிவாக.

"மூணு வருஷமாவே! எனக்கு அப்பவே தெரியும்!"

"காபிர் அறுத்த கறி ஹராமாச்சே, திங்கக்கூடாதே, ஹஜ்ரத். நேத்து உங்க மக நிக்காஹுக்குப் பன்னிரண்டு கிடாவும் நான்தானே அறுத்தேன்?"

அந்த விருந்தில் சாப்பிடாதவர் அங்கே ஒருவருமில்லை. நாலு பேர் உண்ணும் சஹன் தட்டைக் காஜியார் தனியாகவே காலி செய்திருந்தார்.

அவசரமாகக் கனைத்தார். "எங்கே, அல்லாஹ் ஒருவனேன்னு கலிமா சொல்லு."

சேகனா சொன்னான்.

"முஸ்லிம்தான்! பிறந்ததிலேர்ந்தே முஸ்லிம்தான்!"

ஊர் மொத்தமும் வயிற்றைத் தடவிக்கொண்டு "அல்ஹம்துலில்லாஹ்" என்றது.