வீராயி வச்ச தீயும் கரிஞ்ச சரிவும்

கண்ணை மூடிக்கிட்டே கேளு. மலையடியில ஒரு ஊரு, அந்த ஊர்ல ஒரு வீராயி. அடுத்தவளை நாலு பேர் மெச்சினா அவளுக்குச் சோறு இறங்காது.

ஊருக்குப் பொதுவா ஒரு காடு இருந்துச்சு. பச்சை மரத்தை வெட்டக் கூடாது, காஞ்ச சுள்ளிதான் பொறுக்கணும், புல்லு வளருற வரைக்கும் ஆடு உள்ள போகக் கூடாதுன்னு ஊரே கூடிப் பேசி வச்சிருந்தாங்க. காவலுக்கு யாருன்னு கேட்டப்போ, எல்லாரும் வீராயிக்குப் பக்கத்து வீட்டுச் செவனம்மாவைக் கை காட்டிட்டாங்க.

"அவ அதட்டினா கோழி கூட நகராது. அவளுக்குக் காவலாக்கும்!"னு வீராயி பொருமினா.

ம் கொட்டு, ஆங்.

அப்புறம் என்ன பண்ணா, செவனம்மா பேரு கெடட்டும்னு தன்னோட ஆட்டையெல்லாம் காட்டுக்குள்ள விரட்டி விட்டா. செவனம்மா, "ஹேய், ஹேய்"னு ஓட்டிட்டு வந்து, "அக்கா, உங்க ஆடு வழி தப்பிருச்சு"ன்னு வீராயி வீட்டு வாசல்ல கட்டிட்டுப் போனா. ஊரே அவளை மெச்சுச்சு. இவ பல்லை நறநறன்னு கடிச்சா.

அப்புறம் பச்சை மூங்கிலை டொக்கு டொக்குன்னு வெட்டினா. செவனம்மா வர்ற சத்தம் கேட்டு, முள்ளுப்புதர்ல தொபுக்கடீர்னு விழுந்து வாயைப் பொத்திக்கிட்டா. வெட்டுப்பட்ட மூங்கிலைப் பார்த்த ஊரு, "பாவம், ஒத்தை ஆளு எவ்வளவுதான் பார்ப்பா"ன்னு செவனம்மாவுக்கே இரக்கப்பட்டுச்சு!

அப்போ நல்ல கோடை. கொஞ்சம் புகை வந்தா போதும், காவல்காரி தூங்கிட்டான்னு சொல்லிரலாம்னு சருகுல தீயை வச்சா. குபீர்னு காத்து கிளம்புச்சு. படபட படபடன்னு தீ மேல ஏறுது!

"ஐயோ! செவனம்மா, ஓடி வாடி!"

அவ வாயில முதல்ல வந்ததே அந்தப் பேருதான். ரெண்டு பேரும் பச்சைக் கொப்பை ஒடிச்சு அடி அடின்னு அடிச்சாங்க. ஊரும் ஓடி வந்துச்சு. தீ அணைஞ்சுது, ஆனா ஒரு சரிவு பூரா கரியாப் போச்சு.

"யாரு வச்சது?"

செவனம்மா முகமெல்லாம் கரி, கையெல்லாம் கொப்புளம். அதைப் பார்த்ததும் வீராயியால பொய் சொல்ல முடியலை.

"நான்தான். இவளை நீங்க தூக்கி வச்சுப் பேசினது எனக்குப் பொறுக்கலை."

ஊரு கூடிப் பேசுச்சு. "கரிஞ்ச சரிவு தழைக்குற வரைக்கும் நீதான் தண்ணி ஊத்தணும், நீதான் காவல்."

அப்புறம் வீராயி குடம் குடமாச் சுமந்தா. செவனம்மா காவல் பார்க்குற மிச்சக் காட்டுல ஒரு துளிர் கூடுதலாத் தெரிஞ்சா, "அவ மரம் மட்டும் என்ன ஒசத்தி?"ன்னு தன் சரிவுல இன்னும் ரெண்டு குடம் ஊத்துவா. பொறாமை போச்சான்னு கேட்குறியா? எங்க போச்சு! ஆனா சரிவுதான் பச்சைப்பசேல்னு ஆகிப்போச்சு.

ம் சத்தமே காணோமே? சரி, கதை காட்டோட, நீ தூக்கத்தோட.