சாவடிக்குள் அகப்பட்ட ராஜா

முன்னொரு காலத்தில் வெண்குன்ற நாட்டை மகரகேது என்றொரு ராஜா ஆண்டு வந்தார். கெட்டவர் என்று சொல்லிவிட முடியாது. கொஞ்சம் அவசரக்காரர். காலையில் ஒருவரைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடுவார். மதியச் சாப்பாட்டுக்குள் அவர் முகத்திலேயே விழிக்க மாட்டேன் என்பார்.

அந்த நாட்டின் தெற்கே இருந்தது ஏரிமண்டலம். அதை ஆள்வதற்கு ராஜா ஒரு மண்டலத் தலைவரை நியமிப்பார்; பிடிக்காவிட்டால் மாற்றிவிடுவார். ஒருவர் சபையில் தும்மினார் என்று பதவியை இழந்தார். இன்னொருவருடைய மீசை ராஜாவின் மீசையைவிட அழகாக இருந்தது. மற்றொருவர் ராஜா பாடியபோது தலையாட்ட மறந்துவிட்டார்.

தலைவர்களிடமும் ஒரு வழக்கம் உண்டு. பதவிக்கு வருகிறவர், தலைவர் அமர்ந்து மனு வாங்கும் சாவடியில் முன்னவர் பயன்படுத்திய வாசலைச் செங்கல் வைத்து அடைத்துவிட்டு, வேறு பக்கச் சுவரில் தனக்கென்று புது வாசல் திறப்பார். பதவி இழந்தவர் வாசல் வைத்த சுவரே ராசியில்லாதது, அதில் திரும்ப வாசல் திறக்கவே கூடாது என்பது நம்பிக்கை. அதோடு விட்டாலும் பரவாயில்லை. முன்னவர் தொடங்கிய வேலையையும் நிறுத்திவிடுவார். மனு கொண்டுவரும் ஜனங்கள், "இந்தத் தலைவருக்கு எந்தப் பக்கம் ஐயா வழி?" என்று கேட்டுக்கொண்டு சாவடியைச் சுற்றிச் சுற்றி வருவார்கள்.

இப்போது தலைவராக இருந்த கொற்றங்குடியார் மட்டும் வாசலை மாற்றவில்லை. "ஏரிக்கரை உடைந்து கிடக்கிறது. எனக்கு வாசல் வைக்க ஏது நேரம்?" என்று சொல்லிவிட்டு, முன்னவருடைய வடக்கு வாசலிலேயே போய்வந்தார். மழைக்கு முன் கரையைக் கட்டி முடிக்காவிட்டால் கீழே இருக்கும் ஊர்கள் தண்ணீரில் போய்விடும்.

அந்தப் பதவிமேல் வெகுநாளாகக் கண் வைத்திருந்தவர் சபைப் பிரமுகர் மேகவண்ணர்.

"மகாராஜா, கொற்றங்குடியார் வாசல்கூட மாற்றவில்லை. பதவி போகவே போகாது என்ற திமிர்! ஏரிமண்டலத்தில் 'எங்கள் தலைவர், எங்கள் தலைவர்' என்றுதான் பேச்சு."

"என் பெயர்?"

"காது கொடுத்துக் கேட்டேன் மகாராஜா. ஒருவரும் சொல்லக் காணோம்."

ராஜாவின் முகம் சிவந்தது. "கொற்றங்குடியார் போகட்டும். நீரே தலைவர்!"

அமைச்சர் பொற்கொடியார் மெல்ல எழுந்தார். கரை வேலை நின்றுவிடும் என்று சொன்னால் ராஜா இன்னும் முறுக்கிக்கொள்வார் என்று அந்த அம்மாளுக்குத் தெரியும்.

"அப்படியே ஆகட்டும், மகாராஜா. ஆனால் இம்முறை வழக்கத்தில் ஒரு குறையும் வரக்கூடாது. தாங்களே சாவடிக்குள் வீற்றிருக்க வேண்டும். பழைய வாசலை அடைத்தபின், மேகவண்ணர் தன் கையாலேயே புது வாசல் திறந்து முதலில் தங்கள் முகத்தில் விழிக்கட்டும்."

"என் முகத்தில்!" ராஜாவுக்கு அது மிகவும் பிடித்துப்போயிற்று.

குறித்த நாளில் ராஜாவும் அமைச்சரும் சாவடிக்குள் போய் உட்கார்ந்தார்கள். வடக்கு வாசல் அடைபட்டது. உச்சியில் இருந்த சின்னக் கம்பிச் சாளரம் வழியாகத்தான் வெளிச்சம் வந்தது. வெளியே மேகவண்ணர் கடப்பாரையை வாங்கிக்கொண்டு கிழக்குச் சுவருக்குப் போனார்.

கொத்தனார் தடுத்தார். "ஐயா, இது தும்மினவர் வாசலுங்க."

"சரி, தெற்கே போவோம்."

"அது மீசைக்காரருடையது. மேற்கே தலையாட்டாதவர். வடக்கே இப்பத்தான் அடைச்சோம்."

மேகவண்ணர் சாவடியை ஒருமுறை சுற்றி வந்தார். "மூலையில் திறந்தால்?"

"கூரை மகாராஜா தலைமேல இறங்குமுங்க."

உள்ளேயிருந்து குரல் வந்தது. "என்ன ஓய், வாசல் எங்கே?"

"திசை பார்க்கிறேன், மகாராஜா!"

"இருப்பது நாலு. அதைப் பார்க்க இவ்வளவு நேரமா?"

வெளியே பதவியேற்பு விருந்து தயாராகிக்கொண்டிருந்தது. நெய் மணம் உள்ளே வந்ததும் ராஜாவால் தாங்க முடியவில்லை. "ஒரு வடையாவது போடுங்களேன்!" என்றார். போட்டார்கள். வடை சாளரக் கம்பியில் சிக்கிக்கொண்டது. ராஜா அண்ணாந்து பார்த்தபடியே நின்றார்.

"ஏதாவது ஒரு வாசலை உடையும், ஓய்!"

"ராசியில்லாத வாசல், மகாராஜா! என் பதவி போய்விடுமே!"

"என் உயிர் போகிறதே!"

பொறுப்பை ஒப்படைக்க வந்த கொற்றங்குடியார் காலில் சேற்றோடு வந்து நின்றார். "கடப்பாரையை இப்படிக் கொடுங்கள்."

"உத்தரவிட நீர் யார்? உம்மை நீக்கியாயிற்று!" என்று மேகவண்ணர் கத்தினார்.

உள்ளே ராஜா தவித்தார். "அமைச்சரே, இப்போது இந்த மண்டலத்துக்கு யார்தான் தலைவர்?"

"யாருமில்லை, மகாராஜா. பழையவரை நீக்கிவிட்டீர்கள். புதியவர் வாசல் திறக்கும்வரை தலைவராக முடியாது."

"அப்படியானால் கொற்றங்குடியாரே தலைவர்!"

"எந்த வாசல் வழியாக?"

"வாசலில் என்ன இருக்கிறது! உள்ளே இருப்பவன் வெளியே வர வேண்டும், அவ்வளவுதான். அந்த வடக்கு வாசலையே திறக்கச் சொல்லும்!"

"சற்று உரக்கச் சொல்லுங்கள், மகாராஜா. எல்லோருக்கும் கேட்கட்டும்."

ராஜா ஊருக்கே கேட்கும்படி கத்தினார். ஈரம் காயாத சுவர் இரண்டு இடியில் சரிந்தது. தலையெல்லாம் சுண்ணாம்பாக ராஜா வெளியே வந்தார்.

"அமைச்சரே, இப்படி ஆகும் என்று உமக்கு முன்பே தெரியுமா?"

"சுவர்களை எண்ணிப் பார்த்தேன், மகாராஜா."

"பிறகு ஏன் நீரும் உள்ளே வந்தீர்?"

"தங்களைத் தனியே பட்டினி போட மனம் வரவில்லை."

ராஜா விழுந்து விழுந்து சிரித்தார். தன் முத்துமாலையைக் கழற்றி அவரிடம் கொடுத்தார். பிறகு மேகவண்ணர் பக்கம் திரும்பினார். "உமக்கும் ஒரு பதவி உண்டு, ஓய். மனுவோடு வருகிறவர்களை 'இதுதான் வழி, வாருங்கள்' என்று கும்பிட்டு உள்ளே விடும்."

"எங்கே உட்காருவது, மகாராஜா?"

"உட்காருவதா? நிற்க வேண்டும்!"

விருந்துக்கு இலை போடுவதற்குள் கொற்றங்குடியார் ஏரிக்கரைக்குக் கிளம்பிவிட்டார். ராஜா கோபித்துக்கொள்வாரோ என்று எல்லோரும் அவர் முகத்தையே பார்த்தார்கள். ராஜா வானத்தைப் பார்த்தார். மேகம் கறுத்திருந்தது. "போம், போம்! இன்னும் ஆள் வேண்டுமானால் என் காவலர்களையும் கூட்டிக்கொண்டு போம்!" என்றார்.

கரை முடிந்தது, மழை வந்தது. ஏரி தளும்பியும் கரை அசையவில்லை. கீழே இருந்த ஊர்களில் அன்றும் அடுப்பு எரிந்தது.

அதன்பிறகு ராஜா தலைவர்களை மாற்றவே இல்லை என்று சொன்னால் அது பொய். மாற்றினார். ஆனால் வந்தவர்கள் எல்லோரும் வடக்கு வாசலிலேயே நுழைந்தார்கள். முதல் வேலையாகப் போய்க் கரையைப் பார்த்தார்கள்.