பூதலிங்கத்தின் கள்ளிச்செடி

இந்தக் கதையைப் பல வருடம் நான் நம்பவில்லை. சொன்னவர் பூதலிங்கம். நடந்ததும் அவருக்குத்தான். துக்கத்தில் இருப்பவர்கள் தங்களுக்கு வேண்டியபடி ஒரு குருவைச் செய்துகொள்வார்கள் என்று நினைத்திருந்தேன்.

மனைவி இறந்த மறுவருடம் அவர் ஒரு தொட்டியைத் தூக்கிக்கொண்டு ஆவுடையம்மை என்ற துறவியின் மடத்துக்குப் போனார். அம்மை அவரைவிட வயதில் சிறியவர்.

“செடி சாகுதும்மா.”

திருகுகள்ளி. வெறும் பச்சைக் குச்சிகள். அழகுக்காக அவர் மனைவி ஜன்னலோரம் வைத்தது. அந்த வீட்டில் அவரைத் தவிர உயிரோடு இருந்தது அது மட்டும்தான்.

அம்மை அடித்தண்டை அழுத்தினார். விரல் உள்ளே போனது.

“தண்ணி எப்ப ஊத்துவிய, அண்ணாச்சி?”

“அவ நெனப்பு வரும்போது.”

“நெனப்பு எப்ப வரும்?”

அவர் தொட்டியின் ஈர மண்ணைப் பார்த்தார்.

“கள்ளிக்குப் போய் நெல்லுக்குப் பாய்ச்சுத மாதிரி பாய்ச்சியிருக்கியளே!”

அம்மை கத்தி எடுத்து, அழுகாத நுனிக்கிளை ஒன்றை வெட்டி அவர் கையில் கொடுத்தார். வெட்டிய இடத்திலிருந்து பால் கசிந்து அவர் விரல்களில் வழிந்தது.

“இப்பவே நட்டிரட்டுமா?”

“வெட்டுன எடம் காயணும். ஒரு வாரம் நெழல்ல சும்மா கெடக்கட்டும். பெறகு மணல்ல நடுங்க. மணல் நல்லா காஞ்சாத்தான் அடுத்த தண்ணி.”

“அதுவரைக்கும் நான் என்னம்மா செய்ய?”

கேட்டதும் கண்ணீர் முட்டியது. கை கண்ணுக்குப் போனது.

அம்மை அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

நான் நம்பாதது இந்த இடத்தைத்தான். ஆவுடையம்மை யாரையும் தொடமாட்டார். திருநீற்றைக்கூடத் தட்டில் வைத்துத்தான் நீட்டுவார்.

“கள்ளிப்பால் கண்ணுல பட்டா பார்வை போயிரும். மொதல்ல கையக் கழுவுங்க. பெறகு அழலாம்.”

சோப்பைக் கொடுத்து, செம்பிலிருந்து அவரே தண்ணீர் ஊற்றினாராம்.

போன மாதம் பூதலிங்கத்தைப் பார்க்கப் போனேன். ஜன்னலோரம் கள்ளி என் தோளுயரத்துக்கு நின்றது. தொட்டி மணல் காய்ந்து கிடந்தது. வீட்டில் ஒரே ஒரு நாற்காலி. அதை எனக்குத் தந்துவிட்டு அவர் நின்றுகொண்டிருந்தார்.

முதல்முறையாக அந்தக் கதையை நம்பிக் கேட்டேன்.

“கையக் கழுவுன பெறகு அழுதியளா, அண்ணாச்சி?”