தென்னவன் மூன்று தடவை சொன்னது

எங்கள் மடத்தில் அம்மா என்றால் தலை நரைத்தவர் என்று நினைத்துவிட வேண்டாம். அவருக்கு நாற்பத்து நான்கு வயது. அவரைக் குரு என்று கும்பிடுகிற தென்னவனுக்கு ஐம்பத்தொன்பது. இதற்கும் ஊரில் நாலு பேர் நாலு விதமாகப் பேசினார்கள். பேசட்டும், அவர்களுக்கும் பொழுது போக வேண்டுமே. நான் மடத்துச் சமையல்காரன், ஏகாம்பரம். கண்ணால் பார்த்ததை மட்டும் சொல்கிறேன்.

தென்னவன் டிவிக்காரர். எல்லையில் நாற்பது நாள் சண்டை நடந்ததே, அப்போது அவர் முகத்தைப் பார்க்காமல் எங்கள் பக்கத்தில் யாரும் சோற்றில் கை வைக்கவில்லை. தலையில் இரும்புத் தொப்பி, முதுகுக்குப் பின்னால் புகை, கையில் மைக். பாதிப் பேர் அவரைச் சிங்கம் என்றார்கள். மீதிப் பேர் பிணந்தின்னி என்றார்கள். ரெண்டு கட்சிக்காரர்களும் டிவியை மட்டும் அணைக்கவில்லை.

அது நடந்து மூன்று வருஷம் ஆகிறது. போன மாசம் அவருடைய பழைய வீடியோ ஒன்று வெளியே வந்தது. சேனலை விட்டுப் போன ஆள் யாரோ போட்டுவிட்டான். அதற்குப் பிறகு அவருக்குத் தூக்கம் போயிற்று, பேர் போயிற்று, வேலையும் போகிற நிலைமை. அப்படித்தான் ஒரு வியாழக்கிழமை காலையில் மடத்துக்கு வந்து சேர்ந்தார். ஆள் பாதியாகியிருந்தார்.

அன்றைக்குத் தண்ணீர்த் தொட்டி கழுவும் நாள். ஆள் இறங்கி நிற்கிற ஆழம். வருஷத்துக்கு ஒரு தடவை அம்மாவே உள்ளே இறங்கித் தேங்காய் நாரால் பாசியைத் தேய்ப்பார். வேண்டாம் என்றால் கேட்க மாட்டார். சேற்றுத் தண்ணீரை வாளி வாளியாக மேலே இழுத்துக் கொட்டுவது என் வேலை. முப்பது வாளிக்கு மேல் இழுத்து எனக்கு இடுப்பு கழன்றுபோயிருந்தது.

தென்னவன் தொட்டி விளிம்பில் உட்கார்ந்தார். கும்பிடக்கூட மறந்துவிட்டார். உள்ளே குனிந்து தேய்த்துக்கொண்டிருந்த அம்மாவைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார்.

முன்னுக்குப் பின் முரணாகத்தான் சொன்னார். முதலில் யாரோ ஒருவர் கையில் ஒட்டியிருந்த தவிட்டைப் பற்றிச் சொன்னார். பிறகு கேமராவில் மெமரி கார்டு நிறைந்துபோனதைச் சொன்னார். பிறகுதான் அந்தக் கை யாருடையது என்று வந்தது. நடுவில் ரெண்டு தடவை பேச்சு நின்றது. மூக்கைச் சட்டைக் கையிலேயே துடைத்துக்கொண்டார். எட்டுக் கோடிப் பேர் பார்த்த முகம் என்று அவரே ஒரு நாள் சொல்லியிருக்கிறார். அந்த முகத்தைப் பார்க்க எனக்குச் சங்கடமாக இருந்தது.

கோத்துப் பார்த்தால் விஷயம் இதுதான். எல்லையில் தசரதன் என்ற சிப்பாய் செத்துப்போனான். ராணுவத்திலிருந்து ஆள் வந்து வீட்டுக்குச் சொல்வதற்கு முன்னால் சேனலுக்குச் சேதி வந்துவிட்டது. முந்திக்கொள்ள வேண்டும் என்று தென்னவன் கேமராவோடு அவன் ஊருக்கு ஓடினார். அவன் அப்பா முனிரத்தினம் மாட்டுக்குத் தவிடு கரைத்துக்கொண்டிருந்தார். கையை உதறிக்கொண்டே வாசலுக்கு வந்து, "வாங்க சார், எந்த ஊர்லேர்ந்து வர்றீங்க?" என்று கேட்டார். தென்னவன் சேதியைச் சொன்னார். கிழவர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

கேமராவில் எதுவும் பதிவாகவில்லை. காலையில் எடுத்ததிலேயே கார்டு நிறைந்திருந்தது, அவசரத்தில் யாரும் பார்க்கவில்லை. வேறு கார்டு போட்டார்கள். தென்னவன் குனிந்து, "ஐயா, பதிவாகலை. ஒரு தடவை உள்ளே போய்ட்டு வாங்க" என்றார். முனிரத்தினம் எழுந்தார். உள்ளே போனார். மறுபடி வெளியே வந்தார். வந்து, முன்னே கேட்ட மாதிரியே, "வாங்க சார், எந்த ஊர்லேர்ந்து வர்றீங்க?" என்று கேட்டார்.

நாடு முழுக்கப் பார்த்து அழுதது அந்த ரெண்டாவது தடவையைத்தான். தென்னவனுக்கு அதற்கு விருதுகூடக் கொடுத்தார்கள். உள்ளே போய்ட்டு வாங்க என்று அவர் சொன்ன குரலும் அதிலேயே பதிவாகியிருந்தது. வெட்டி எறிந்த அந்தத் துண்டுதான் இப்போது ஊரெல்லாம் சுற்றுகிறது.

அம்மா தேய்ப்பதை நிறுத்தவில்லை. தலையை மட்டும் தூக்கி, தேய்க்கிற சத்தத்தில் சரியாகக் கேட்கவில்லை, இன்னொரு தடவை சொல்லுங்கள் என்றார்.

தென்னவன் மறுபடி சொன்னார். இந்தத் தடவை சண்டையிலிருந்து ஆரம்பித்தார். சேனல், வண்டி, ஊர், கிழவர் எல்லாம் வரிசையாக வந்தன. மூக்கைத் துடைக்கவில்லை. சொல்லி முடித்ததும், தான் வந்த காரியத்தையும் சேர்த்துக்கொண்டார். வருகிற ஞாயிற்றுக்கிழமை முனிரத்தினம் வீட்டுக்கே போய் அவர் காலில் விழச் சேனல் ஏற்பாடு செய்திருக்கிறதாம். நேரலையில். அதைச் செய்தால் வேலை தங்கும். செய்யாவிட்டால் திங்கட்கிழமை வேலையை விட்டு வீட்டுக்குப் போகலாம். வேலைக்காக மட்டும் இல்லை, அந்தக் கிழவர் ஒரு வார்த்தை மன்னித்தேன் என்று சொன்னால்தான் தனக்குத் தூக்கம் வரும் என்றார். போகலாமா, வேண்டாமா என்று அம்மாதான் சொல்ல வேண்டும்.

அம்மா வாளியை என்னிடம் நீட்டினார். ஏணியில் ஏறி மேலே வந்து, வேப்பமரத்தடியில் உட்கார்ந்தார். வாளிச் சத்தத்தில் பாதி போய்விட்டது, இப்போது நிதானமாகச் சொல்லுங்கள் என்றார்.

எனக்கே எரிச்சலாக இருந்தது. அந்த மனுஷர் குற்றுயிராக வந்திருக்கிறார், அவரைப் போட்டு இப்படிப் படுத்த வேண்டுமா?

தென்னவன் மூன்றாவது தடவை சொன்னார். "அன்னைக்குக் காலையில பதினொன்னு பத்து" என்று ஆரம்பித்தார். எங்கே நிறுத்த வேண்டுமோ அங்கே நிறுத்தினார். மாட்டைப் பற்றிச் சொன்னார், வாசலில் கிடந்த ஒற்றைச் செருப்பைப் பற்றிச் சொன்னார். கிழவர் ரெண்டாவது தடவை கேட்ட அந்தக் கேள்வியைக் கடைசிக்கு வைத்திருந்து, குரலைத் தாழ்த்திச் சொன்னார். பொய் சொல்லக் கூடாது, எனக்கு அப்போதுதான் கண்ணில் தண்ணீர் வந்தது. முதல் தடவை கேட்டபோது வரவில்லை.

அம்மா முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"முதல் தடவையே எனக்குக் கேட்டுது" என்றார்.

தென்னவன் நிமிர்ந்து பார்த்தார்.

"எல்லாமா?"

"ஒரு வார்த்தை விடாம."

"அப்புறம் எதுக்குத் திரும்பத் திரும்பச் சொல்ல வெச்சீங்க?"

"நீங்க எதுக்குச் சொன்னீங்க?"

"நீங்க கேக்குறீங்க. மாட்டேன்னு எப்படிச் சொல்றது?"

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவர் காதிலேயே விழுந்தது போலிருக்கிறது. முனிரத்தினமும் அன்றைக்கு மாட்டேன் என்று சொல்லவில்லை. ரெண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். வாளியை ஓரமாக வைத்துவிட்டு நானும் உட்கார்ந்துவிட்டேன். வெயில் மரத்தைத் தாண்டி எங்கள் மேல் வந்துவிட்டது.

ரொம்ப நேரம் கழித்துத் தென்னவன் எழுந்தார். பாக்கெட்டிலிருந்து போனை எடுத்து, எங்கள் எதிரிலேயே சேனலுக்குப் பேசினார். ஞாயிற்றுக்கிழமை நேரலை கிடையாது என்றார். அந்தப் பக்கம் கத்துகிற சத்தம் எனக்கே கேட்டது. வேலை போனால் போகட்டும் என்று சொல்லி வைத்துவிட்டார். இருபத்தெட்டு வருஷ வேலை. ஆனாலும் முகம் வந்தபோது இருந்ததைவிடத் தெளிவாக இருந்தது. அப்பாடா, ஒரு வழியாக முடிந்தது என்று நானும் நினைத்தேன்.

அம்மாவைக் கும்பிட்டார்.

"கேமரா வேணாம். யாரும் வேணாம். ஞாயித்துக்கிழமை நான் மட்டும் போறேன். கதவைச் சாத்திக்கிட்டு அவர் கால்ல விழுந்து மன்னிப்புக் கேட்டுட்டு வந்துடறேன். அது போதும்தானே அம்மா?"

"அவர் வரச் சொன்னாரா?"

தென்னவனுக்குக் கேள்வி பிடிபடவில்லை. அந்த ஊர்த் தலைவரிடம் போன வாரமே பேசியாயிற்று என்றார். தாராளமாக வரலாம், கிழவர் எங்கேயும் போக மாட்டார், வீட்டில்தான் இருப்பார் என்று தலைவர் சொல்லியிருக்கிறாராம்.

"தலைவரை நான் கேக்கலை" என்றார் அம்மா. "முனிரத்தினம் வரச் சொன்னாரா?"

தென்னவன் திரும்பிப் போய்த் தொட்டி விளிம்பில் உட்கார்ந்துவிட்டார்.