இலை போட்டதும் கேட்கும் கேள்வி

மலையடிவாரத்தில் இருந்த அந்தச் சின்ன மடத்தில் ஒரு வழக்கம் உண்டு. சாயங்காலம் பந்தியில் இலை போட்டதும், அன்றைக்கு என்ன வேலை செய்தோம் என்று ஒவ்வொருவரும் ஒரே வரியில் சொல்ல வேண்டும்.

"விறகு பிளந்தேன்."

"கத்தரிப் பாத்திக்குக் களை எடுத்தேன்."

சொன்னவர் இலையில் சோறு விழும். சொல்லாதவருக்குச் சோறு கிடையாது என்று யாரும் விதி போட்டதில்லை. ஆனால் சொல்லாமல் சாப்பிட்டவரும் இல்லை.

குரு உலகம்மாளுக்கு ஐம்பது வயது. சீடர்களில் மூத்தவர் தெய்வநாயகம், அவருக்கு அறுபத்து மூன்று. நூல் மில்லில் முப்பது வருஷம் மேஸ்திரியாக இருந்துவிட்டு வந்தவர். யார் உழைக்கிறார், யார் உழைப்பதுபோல் நடிக்கிறார் என்று முதுகைப் பார்த்தே சொல்லிவிடுவார். வீடு, வாசல், கைக்கடிகாரம் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தவர் அந்தக் கண்ணை மட்டும் பத்திரமாகக் கொண்டுவந்துவிட்டார்.

ஆவணி மாதம் அவருக்கு மஞ்சள் காமாலை வந்தது. ஒரு மாதம் எழுந்து எந்த வேலையும் செய்யக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

முதல் மூன்று நாளும் சாயங்காலமானால், "பசியில்லை" என்று சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். பசி இருந்தது. சொல்வதற்கு ஒரு வேலைதான் இல்லை.

நாலாம் நாள், கல் பொறுக்கித் தருகிறேன் என்று ஒரு சுளகு அரிசியைக் கேட்டு வாங்கிக்கொண்டார். நாலு கல் எடுப்பதற்குள் கண் இருட்டியது. சுளகின்மேல் கையை வைத்தபடியே தூங்கிப்போனார். கண் விழித்தபோது அந்த அரிசி உலைக்குப் போயிருந்தது.

அன்று பந்தியில் உட்கார்ந்தார். "அரிசியில் கல் பொறுக்கினேன்" என்றார். சோறு விழுந்தது.

இரண்டாவது கவளத்தில் பல்லுக்கிடையில் நறுக்கென்றது. பந்தி நெடுக ஒவ்வொருவராக மெல்லுவதை நிறுத்தினார்கள். யாரும் அவர் பக்கம் திரும்பவில்லை. பக்கத்து இலைக்காரர் தன் வாயிலிருந்த கல்லைச் சத்தமில்லாமல் எடுத்து இலைக்கு அடியில் ஒளித்து வைத்தார்.

அதைத்தான் தெய்வநாயகத்தால் தாங்க முடியவில்லை. எழுந்து வெளியே போய்விட்டார்.

உலகம்மாள் போய்ப் பார்த்தபோது, அவர் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்திருந்தார்.

"ஏன் பாதியில எந்திரிச்சிட்டீங்க, அண்ணாச்சி?"

"பொய் சொல்லிட்டேன்மா."

"தெரியும். எனக்கும் ரெண்டு கல்லு."

அவர் சிரிக்கவில்லை. "சும்மா படுத்துக் கிடக்கிறவனுக்கு எதுக்கும்மா சோறு?" என்றார்.

உலகம்மாள் துவைக்கிற கல்லில் உட்கார்ந்தார்.

"அந்தக் கேள்வியை ஆரம்பிச்சது எங்க குருசாமி. அப்போ நாங்க நாலே பேரு. எதுக்குக் கேட்டாருன்னு தெரியுமா?"

"வேலை ஒழுங்கா நடக்கணும்னு."

"இல்ல. யாரு ரொம்பச் செஞ்சிருக்காங்கன்னு தெரிஞ்சுக்கிடத்தான். மறுநாள் அவங்களை வேலை செய்ய விடமாட்டாரு. முப்பது குடம் தண்ணி எடுத்தேன்னு ஒரு நாள் நான் பெருமையாச் சொன்னேன். ரெண்டு நாள் என்னைக் குடத்தையே தொட விடல."

"பிறகு எப்படி இப்படி ஆச்சு?"

"அவர் போய்ச் சேந்துட்டாரு. கேள்வி மட்டும் தங்கிப்போச்சு. நீங்கள்லாம் அதைச் சோத்துக்குச் சீட்டு மாதிரி ஆக்கிட்டீங்க. வேலை நல்லாத்தானே நடக்குதுன்னு நானும் பாத்துக்கிட்டே இருந்துட்டேன்."

தெய்வநாயகம் தொட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

போன வருஷம் இதே மடத்தில் சங்கரவடிவு என்று ஒரு பெண் சீடர் இருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். கொஞ்ச நாளாகவே அவருக்கு நடந்தால் மூச்சு வாங்கியது. எல்லோரும் பார்த்தார்கள். யாரும் கேட்கவில்லை. ஒரு சாயங்காலம் பந்தியின் கடைசி இலையில் உட்கார்ந்து, "தொட்டியை நிறைச்சேன்" என்றார்.

தெய்வநாயகம் தலை நிமிராமலே, "தொட்டியை நிறைச்சது நானாச்சே" என்றார்.

சங்கரவடிவு சோறு விழாத இலையை மடித்துவிட்டு எழுந்து போனார். ஒரு வாரத்தில் தம்பி வீட்டுக்குக் கிளம்பிவிட்டார். தை மாதம் அவர் இறந்துபோன செய்தி வந்தது. இருதயத்தில் கோளாறாம், ரொம்ப நாளாகவே இருந்திருக்கிறதாம்.

"அவ பசியோட எந்திரிச்சுப் போனாம்மா" என்றார் தெய்வநாயகம்.

"ஆமா."

"நீங்களும் ஒண்ணும் சொல்லலையே."

"சொல்லல." உலகம்மாளின் குரல் இறங்கியது. "பந்தி நடுவுல எதுக்குன்னு நெனச்சேன். பிறகு கூப்பிட்டுப் பேசிக்கிடலாம்னு நெனச்சேன். பிறகு அவ இல்ல."

தெய்வநாயகம் அழுதார். மில்லில் எத்தனையோ பேரை அழவைத்தவர், அழத் தெரியாதவர்போல் மூச்சு முட்ட அழுதார்.

"இதை எங்கம்மா இறக்கி வைக்க?"

"இதை இறக்க முடியாது, அண்ணாச்சி. எனக்கும் இருக்கு. ரெண்டு பேருமாச் சுமப்போம்." உலகம்மாள் எழுந்தார். "ஆனா நாலு நாளா உங்களைச் சாப்பிட விடாம ஒரு வெக்கம் பிடிச்சு வச்சிருக்கே, அன்னைக்கு அவளைப் பந்தியிலேருந்து எழுப்பி விட்டதும் அதுதான்."

மறுநாள் சாயங்காலம் தெய்வநாயகம் சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தார். தன் இடத்தில் உட்காரவில்லை. போன வருஷத்திலிருந்து யாரும் உட்காராத கடைசி இடத்தில் போய் உட்கார்ந்தார்.

அன்று உலகம்மாளே சோற்றுச் சட்டியை எடுத்தார். முதல் இலையிலிருந்து தொடங்காமல் நேரே கடைசி இலைக்கு வந்தார். பந்தி முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது.

தெய்வநாயகம் இலையைப் பார்த்தபடி, எல்லோருக்கும் கேட்கும்படியாகவே சொன்னார்.

"அம்மா, இன்னைக்கு நான் ஒண்ணுமே செய்யல."

உலகம்மாள் அகப்பையில் சோற்றை அள்ளினார்.

"அதை நான் கேக்கலையே, அண்ணாச்சி. பசிக்குதா?"