ஆவணியில் வெட்டிய கருந்தழை

மலைநாட்டில் உலகுடையாள் என்றொருத்தி இருந்தாள். அவளும் அவள் கணவன் சடையனும் காட்டு ஓரத்தில் கண்ட ஒரு செடியைக் கொண்டுவந்து கொல்லையில் வளர்த்தார்கள். அதன் இலையெல்லாம் அடுப்பில் வைத்த சட்டியின் அடிபோலக் கறுத்திருக்கும். தண்டு பட்டுப்போனாலும் வேர் மண்ணுக்குள் உயிரோடு இருந்து ஆண்டுதோறும் துளிர்க்கும். மற்றச் செடிகள் பூத்து ஓய்ந்தபிறகு, கார்த்திகைக் குளிரில்தான் அது வெள்ளைக் கதிர்விட்டுப் பூக்கும். கருந்தழை என்று அதற்குப் பெயர் வைத்தார்கள்.

அரண்மனைத் தோட்டத்தின் தலைவர் அரியநாதர் ஒரு கார்த்திகையில் அந்தப் பூவைப் பார்த்தார். வேரோடு ஒரு தூர் கேட்டார்.

"இப்பப் பிரிச்சா செத்துப்போகும் ஐயா. நல்லா வேர் ஊனட்டும், நானே கொண்டுவந்து தர்றேன்" என்றான் சடையன். அரியநாதர் சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

அடுத்த கோடையில் ஊர் மாடுகள் நோய்கண்டு விழுந்தன. கறுத்த இலைதான் காரணம் என்று பேச்சைக் கிளப்பிவிட்டவர் அரியநாதர். கூட்டம் திரண்டு வந்தது. குறுக்கே நின்ற சடையன் அடிபட்டுச் சில நாளில் இறந்தான். பிடுங்கிய செடிகளை எரிக்கப்போவதாகச் சொல்லி அவர் வண்டியில் ஏற்றிச் சென்றார்.

உலகுடையாளும் அதை நம்பினாள், அவர் வீட்டு மதிலுக்கு மேலே கறுத்த இலைகள் எட்டிப்பார்க்கும் வரை. அவர் அதற்கு வைத்த புதுப்பெயர் 'அரசி கூந்தல்'. ஊரில் எவரும் வாய் திறக்கவில்லை. அவள் யாரிடம் போய் முறையிடுவாள்? அழுகையெல்லாம் அன்றோடு நின்றது. அந்த மனிதர் ஊர் பார்க்கத் தலைகுனிய வேண்டும் என்ற ஒரே நினைப்பில் சோறு தின்றாள், உறங்கினாள்.

அரசியின் மகளுக்குக் கார்த்திகையில் கல்யாணம் குறித்தார்கள். மலையே வாடிக்கிடக்கும் அந்த நாளில் மணப்பந்தலைச் சுற்றி வெள்ளைப்பூ பூக்கும் என்று அரியநாதர் வாக்குக் கொடுத்தார். பந்தல் போடவிருந்த இடத்தைச் சுற்றிச் செடிகள் நடப்பட்டன. ஆவணி பிறந்தது. ஆள் உயரம் வளர்ந்து சாய்ந்த செடியில் மொட்டு ஒன்றும் கண்ணில் படவில்லை. கொடுத்த வாக்குப் பொய்த்துவிடுமோ என்று பயந்தார். செடியின் பக்குவம் அறிந்தவள் உலகுடையாள் ஒருத்திதான் என்பதால், மருமகள் கோமளத்தை அவளிடம் ரகசியமாக அனுப்பினார். அவர் தோட்டத்தில் அந்தச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றி வளர்த்தவள் கோமளம்தான். வேறூரிலிருந்து வாழ வந்தவளுக்குப் பழைய கதை எதுவும் தெரியாது.

"அக்கா, மாமா கத்தரியோட நிக்கிறாரு. வெட்டினா தழைச்சுப் பூக்குமாம்ல? வெட்டலாமா?"

ஆனிக்குள் வெட்டினால் தழைக்கும்; ஆவணியில் வெட்டினால் அந்த ஆண்டுப் பூ போச்சு. நுனி இலைகளின் இடுக்கில் மொட்டு அப்போதே கருக்கொண்டிருக்கும். உலகுடையாளுக்கு இது தெரியும்.

"வெட்டச் சொல்லு" என்றாள்.

"நுனியில விரல் வச்சா என்னமோ கெட்டியா இருக்கே அக்கா?"

அந்தப் பெண்ணின் விரல்களில் மண் காய்ந்திருந்தது. உலகுடையாள் ஒரு கணம் தடுமாறினாள். பிறகு, "அது பூச்சிக்கூடு. வெட்டிப் போட்டுருங்க" என்றாள்.

கோமளம் கேட்டதை அப்படியே மாமனாரிடம் சொன்னாள். ஆனாலும் மனம் ஒப்பாமல், ஓரத்தில் இருந்த ஒரு செடியை வளைத்து, வெயில் படும்படி மேலே திறந்துவிட்டு, சுற்றிலும் பாயால் மறைத்தாள். மற்ற அத்தனையையும் அரியநாதர் வெட்டித் தள்ளினார்.

கல்யாணத்தன்று பந்தலைச் சுற்றி வெறும் இலை. சம்பந்திகள் முன்னால் அரசியின் முகம் சிவந்தது.

"தாயே, இந்த உலகுடையாள்தான் வெட்டச் சொன்னாள்! வேண்டுமென்றே கெடுத்துவிட்டாள்!" என்று அரியநாதர் கத்தினார்.

"அரண்மனைத் தோட்டத் தலைவராகிய நீர் இவளிடம் ஏன் யோசனை கேட்டீர்?" என்றாள் அரசி.

கூட்டத்திலிருந்து உலகுடையாள் முன்னால் வந்தாள். "நான்தான் சொன்னேன் தாயே. பொய்தான் சொன்னேன். என் செடியைத் திருடி, என் புருஷனையும் கொன்னவருக்கு உண்மை எதுக்கு?" என்றாள். ஊர் அப்போதுதான் நடந்ததைச் சொன்னது. அரியநாதரின் தலைப்பாகையைக் கழற்றி, எல்லார் கண்முன்னும் நாட்டைவிட்டு விரட்டினார்கள். உலகுடையாள் கண்கொட்டாமல் பார்த்தாள்.

அந்நேரம் கோமளம் பாயை விலக்கினாள். ஒற்றைச் செடி, கதிர்கதிராய்ப் பூத்திருந்தது.

தோட்டத்துக்குத் தலைமை வேண்டும். செடியை முதலில் வளர்த்து, பழிவாங்கப் பொய் சொன்னவள் ஒருத்தி. திருட்டுச் செடி என்றறியாமல் வளர்த்து, பெரியவர் சொல்லை மீறி அதைக் காத்தவள் இன்னொருத்தி. அரசி யாரிடம் தோட்டத்தை ஒப்படைப்பது நியாயம்? கேட்டவர்களே, நீங்கள் சொல்லுங்கள்.

விடை: தோட்டம் கோமளத்துக்கு. உலகுடையாள் பழிவாங்கியது நியாயமே; திருடனுக்கு உண்மை சொல்ல அவள் கடன்பட்டவள் அல்ல. ஆனால் அந்தப் பொய்யைக் கேட்டு நின்றவள் குற்றமற்ற பெண். மொட்டு என்று தெரிந்தும் வெட்டச் சொல்லத் துணிந்தவளிடம் அரண்மனைச் செடிகளை நம்பி விடமுடியாது. செடியோ உலகுடையாளுடையது, பழிவாங்கியதால் அந்த உரிமை போய்விடாது. அரசியும் அப்படியே தீர்த்தாள். தன் கருந்தழை வேர்களை வாங்கிக்கொண்டு புறப்பட்ட உலகுடையாள் கோமளத்தின் முன் நின்று, "வெட்டச் சொன்னதுக்கு எனக்கு வருத்தமில்ல. உன்கிட்டப் பொய் சொன்னதுக்குத்தான்" என்றாள்.