கோகோன் புல் வேரை மறந்த கதை

அந்தக் காலத்தில் செடிகொடிகள் வாய் பேசின. வேரைக் கையில் சுருட்டிக்கொண்டு ஊர் சுற்றின. பிலிப்பைன்ஸ் தீவு ஒன்றின் மலைச்சரிவில் மூங்கில் இருந்தது. பேரத்தில் கில்லாடி. ஒரு இலை உதிர்ப்பதானாலும் பதிலுக்கு ஏதாவது வாங்காமல் விடாது. கோபமோ மூக்கு நுனியில்.

ஒரு புயலில் ஊர் அடுப்புகளெல்லாம் அணைந்தன. பகலே இருட்டிக் கிடந்தது. மயூமி என்பவள் கைக்குழந்தையோடு குகையில் ஒண்டியிருந்தாள். மிச்சம் ஒரே ஒரு கங்கு. குளிரில் குழந்தை அழுவதையும் நிறுத்திவிட்டது. எரிவதற்கு யாராவது வாருங்கள் என்று குகை வாசலில் நின்ற செடிகொடிகளிடம் கெஞ்சினாள்.

மூங்கில் பேரத்தை ஆரம்பித்தது. காய்ந்த கழி தரலாம்தான். ஆனால் இனிமேல் என் குருத்தை யாரும் ஒடிக்கக் கூடாது, என் நிழலில் பன்றி கட்டக் கூடாது என்று அடுக்கிக்கொண்டே போனது.

அதற்குள் பக்கத்திலிருந்த கோகோன் புல் ஒரே பாய்ச்சலில் கங்கின் மேல் விழுந்தது. போன வேகத்தில் வேரைச் சேற்றிலேயே விட்டுவிட்டது.

“அவசரக்குடுக்கை! வேரைக்கூட எடுக்காமல் ஓடுகிறான் பார்,” என்று மூங்கில் கத்தியது.

புல் குப்பென்று எரிந்தது. கண்மூடித் திறப்பதற்குள் அடங்கத் தொடங்கியது. ஆனால் அந்த ஒரு நொடி வெளிச்சத்தில்தான் மூங்கில் குழந்தையின் முகத்தைப் பார்த்தது. உதடெல்லாம் நீலம். இத்தனை நேரம் எதற்கு விலை பேசினோம் என்று அதற்குச் சுருக்கென்றது. பேசிய பேரத்தை அப்படியே விட்டுவிட்டுக் காய்ந்த கழிகளை முறித்துத் தீயில் போட்டது. நெருப்பு நின்று எரிந்தது. கொஞ்ச நேரத்தில் குழந்தை வீறிட்டு அழுதது. மூங்கிலுக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

மழை விட்டதும் வெளியே சேற்றில் ஒரு பச்சை முளை எட்டிப் பார்த்தது. மறந்துபோன வேர்தான்.

“அடுத்து என்ன வேலை, அண்ணே?” என்றது.

“உனக்குப் புத்தியே வராதாடா?” என்ற மூங்கிலுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. “சரி, இந்தப் பிள்ளைக்கு ஒரு வீடு வேணும். என் தோளில் ஏறிக்கோ.”

அன்று முதல்தான் கோகோன் புல் குப்பென்று எரிந்து சட்டென்று அணைகிறது. காடு கருகினாலும் முதலில் அதுவே துளிர்க்கிறது. ஆர்வத்தில் முந்திச் சீக்கிரமே ஓய்ந்துவிடுகிறவனைக் கோகோன் தீ என்று அங்கே இன்றும் கிண்டல் செய்வார்கள். கிண்டல் செய்கிறவன் உட்கார்ந்திருப்பதும் மூங்கில் கால் நட்டு, அந்தப் புல்லால் கூரை வேய்ந்த வீட்டுக்குள்தான்.